அயனி ஓடட்டுமா, எலக்ட்ரான் ஓடட்டுமா?

யுரேனிய அணுவில் 92 எலக்ட்ரான்கள். வெளி ஓரத்தில் இருப்பதைக் கழற்ற ஆறு எலக்ட்ரான் வோல்ட் (அணு அளவில் ஆற்றலை அளக்கும் அலகு) சொச்சம் போதும். மற்ற எல்லாம் போய்க் கடைசியாக மிஞ்சும் ஒன்றைப் பிடுங்க ஏறக்குறைய 1,32,000 எலக்ட்ரான் வோல்ட் வேண்டும். இப்படிப் பெரும்பாலான எலக்ட்ரான்களைப் பறிகொடுத்த அயனிகள் சூரியனின் வெளி மண்டலமான கொரோனாவில் தாராளமாகக் கிடைக்கும். ஆய்வுக்கூடத்தில் அவற்றை உண்டாக்கி, நிறுத்தி வைத்துப் பார்ப்பதுதான் பெரும்பாடு. அதற்கு முக்கியமாக இரண்டு வழிகள்.

முதல் வழி, அயனியை ஓடவிடுவது. ஜெர்மனியின் டார்ம்ஸ்டாட் நகரில் இருக்கும் ஜிஎஸ்ஐ ஆய்வகத்தில் யுரேனியத்தை ஒளி வேகத்தில் சுமார் 70 சதவீதத்துக்கு முடுக்கி, ஒரு மெல்லிய தகட்டை ஊடுருவ வைப்பார்கள். எலக்ட்ரான்கள் தகட்டோடு உதிர்ந்துவிடும். மொட்டையான அயனிகள் 108 மீட்டர் சுற்றளவுள்ள ஈஎஸ்ஆர் சேமிப்பு வளையத்தில் சுற்றிக்கொண்டிருக்கும்.

இரண்டாவது வழியில் அயனி இருந்த இடத்திலேயே இருக்கும், எலக்ட்ரான்தான் ஓடும். ரஷ்யாவின் துப்னாவில் இயற்பியலாளர் டோனெட்ஸ் 1960களில் அயனிகளைத் தரும் மூலமாக உருவாக்கிய கருவியே இதற்கு முன்னோடி. அதைச் சுருக்கி, பார்ப்பதற்கென்றே ஒரு பொறியாக 1986இல் மாற்றியது அமெரிக்காவின் லிவர்மோர் ஆய்வகம். அதுதான் எலக்ட்ரான் கற்றை அயனிப் பொறி, சுருக்கமாக ஈபிட். அதன் பெரிய தம்பியான சூப்பர் ஈபிட்டில், சுமார் 2 லட்சம் எலக்ட்ரான் வோல்ட் கற்றையைக் கொண்டு 1994இல் மொட்டை யுரேனியத்தையே பிடித்துக் காட்டினார்கள். ஒளி வேகத்தில் 70 சதவீதத்தில் ஓடும் எலக்ட்ரானின் ஆற்றலும் ஏறக்குறைய இதே 2 லட்சம்தான். ஆக, மோதலின் வேகம் இரண்டு வழியிலும் ஒன்றே. யாரை ஓட வைப்பது என்பதில்தான் வித்தியாசம், அந்த ஒரு வித்தியாசத்தில் ஒரு முடுக்கி வளாகம் ஓர் அறைக்குள் அடங்கிவிடுகிறது.

ஈபிட்டின் அழகு, ஒரே கற்றை மூன்று வேலை செய்வதில் இருக்கிறது. 3 டெஸ்லா காந்தப்புலத்தில் நெருக்கப்பட்ட எலக்ட்ரான் கற்றை தலைமுடி அளவுக்கு மெலிகிறது. அயனியின் எலக்ட்ரான்களைத் தட்டி உதிர்ப்பது அதுதான். தன் எதிர் மின்னூட்டத்தால் அயனி பக்கவாட்டில் தப்பாமல் இழுத்து வைப்பதும் அதுதான். இரு முனைகளை மட்டும் மின்னழுத்தம் கொடுத்த குழாய்கள் அடைத்துக்கொள்ளும். அப்புறம் அயனியைக் கிளர்ச்சியூட்டி எக்ஸ் கதிர் உமிழ வைப்பதும் அதே கற்றை. இரண்டு சென்டிமீட்டர் நீளமுள்ள அந்த ஒளிக்கோட்டைப் பக்கவாட்டிலிருந்து படிகத்தால் பிரித்துப் பார்க்கலாம்.

வசதி என்று பார்த்தால், வோல்ட்டேஜ் குமிழைத் திருப்புவதுபோல வேறொன்றும் இல்லை. இரும்பில் 16 எலக்ட்ரான்களை நீக்கிய அயனி வேண்டுமா? அடுத்ததை நீக்க 1,260 எலக்ட்ரான் வோல்ட் தேவை. கற்றையை ஆயிரத்தில் நிறுத்தினால் படியேற்றம் அங்கேயே நின்றுவிடும். ஒன்று மட்டும் எச்சரிக்கை: குமிழ் காட்டும் வோல்ட்டேஜ் கற்றையின் உண்மையான ஆற்றல் அல்ல. எலக்ட்ரான் கூட்டத்தின் சொந்த மின்னூட்டம் அதைக் கீழே இழுக்கும். அதைத் திருத்தாமல் கணக்குப் போட்டால் கதை கந்தல்தான்.

சரி, துல்லியத்தில் யார் கெட்டி? மூன்று எலக்ட்ரான் மட்டும் மிஞ்சிய யுரேனியத்தை இரண்டு முகாமும் அளந்திருக்கின்றன. அதன் இரண்டாம் எலக்ட்ரான் கூட்டில் உள்ள ஒரு சிறு ஆற்றல் இடைவெளிக்கு ஈஎஸ்ஆர் வளையம் 2003இல் தந்த மதிப்பு 280.516 எலக்ட்ரான் வோல்ட், பிழை 0.099. சூப்பர் ஈபிட் 2005இல் தந்தது 280.645, பிழை 0.015. பொறியின் பிழை ஆறில் ஒரு பங்குதான். ஓடாத அயனியின் ஒளியில் டாப்ளர் பெயர்ச்சி (ஓட்டத்தால் ஒளியின் அலைநீளம் மாறுவது) என்ற தொல்லை பெரிதாக இல்லை. கோடு சற்று அகலமாகும், அவ்வளவே. வளையத்தில் ஓடும் அயனியின் எக்ஸ் கதிரை அளப்பதென்றால் வேகத்தையும் கோணத்தையும் நுணுக்கமாகத் தெரிந்து வைத்திருக்க வேண்டும்.

ஆனால் ஒரே ஒரு எலக்ட்ரான் மிஞ்சிய யுரேனியத்துக்கு வந்தால் ஆட்டம் மாறுகிறது. அதன் அடிமட்ட ஆற்றலின் லேம்ப் பெயர்ச்சியை (குவாண்டம் விளைவுகளால் அந்த ஆற்றலில் வரும் சிறு விலகலை) 460.2 எலக்ட்ரான் வோல்ட் என்றும் பிழை 4.6 என்றும் 2005இல் அறிவித்தது ஈஎஸ்ஆர்தான். பொறியில் அத்தகைய அயனிகள் மிகச் சொற்பம், போதிய எக்ஸ் கதிர் சேராது. வளையத்தில் கோடிக்கணக்கில், அதுவும் ஒரே மின்னூட்ட நிலையில், சுற்றும். பொறியிலோ எப்போதும் பல நிலைகள் கலந்தே இருக்கும். ரீனியம் 187 கருவின் அரை ஆயுள் நடுநிலை அணுவில் சுமார் 4,200 கோடி ஆண்டு. எலக்ட்ரான் முழுவதையும் உரித்தால் வெறும் 33 ஆண்டு. காலியான கூட்டுக்குள்ளேயே, கரு சிதையும்போது பிறக்கும் பீட்டா எலக்ட்ரான் உட்கார்ந்துகொள்வதால் இப்படி. இந்த மாதிரி அணுக்கருச் சிதைவுக் கேள்விகளுக்கு வளையம்தான். பொறிக்காரர்கள் இங்கே போட்டிக்கே வர வேண்டாம்.

நுண்ணலையால் பிளாஸ்மாவைச் சூடாக்கி அயனிகளைத் தரும் ஈசிஆர் மூலங்களும் உண்டு. அயனி ஓட்டம் நிறைய வேண்டுமானால் அவைதான். பலவித வேக எலக்ட்ரான்கள் கலந்திருப்பதால், ஆற்றலைத் தேர்ந்து அயனியைச் சீண்டும் சோதனைக்கு ஒத்துவராது.

என் வாக்கைப் பொறியின் பக்கம் சாய்த்தது வேறொரு சங்கதி: அதைத் தூக்கிக்கொண்டு போகலாம். 16 எலக்ட்ரான் இழந்த அதே இரும்பின் இரண்டு எக்ஸ் கதிர்க் கோடுகளின் வலிமை விகிதம் வானியலாளர்களை வெகுகாலம் குழப்பியது. 2012இல் ஓர் ஈபிட்டை அமெரிக்காவின் எக்ஸ் கதிர் லேசருக்கே கொண்டுபோய் அளந்தபோது 2.61 வந்தது, கோட்பாடு சொன்னதோ 3.5. நிலைக்காந்தங்களால் ஆன ஒரு சிறு ஈபிட்டை ஹாம்பர்க்கில் எக்ஸ் கதிர் தரும் முடுக்கி வளையமான பெட்ரா சின்க்ரோட்ரானில் வைத்து 2020இல் அளந்தபோது 3.09. பிரிதிறனை மேம்படுத்தி 2022இல் மறுபடி அளந்ததும் 3.51. கோட்பாடு தப்பித்தது. 108 மீட்டர் வளையத்தை யாராலும் லேசருக்குப் பக்கத்தில் நகர்த்த முடியாது.

பொறியின் நிஜமான பலவீனம் சூடு. கற்றை இடித்துக்கொண்டே இருப்பதால் அயனிகள் பத்து லட்சம் டிகிரியைத் தொடும். இலேசான அயனிகளை ஆவியாக விட்டு ஓரளவே தணிக்கலாம். அதனால்தான் ஜெர்மானியக் குழு ஒன்று 13 எலக்ட்ரான் இழந்த ஆர்கானை ஈபிட்டில் தயாரித்து, வெளியே எடுத்து, லேசரால் குளிர்வித்த பெரிலியம் அயனிக்குப் பக்கத்தில் வேறொரு பொறியில் உட்கார வைத்தது. 2020இல் அதன் 441 நானோமீட்டர் கோட்டை முந்தைய அளவீடுகளைவிடப் பல கோடி மடங்கு துல்லியமாகப் பிடித்தார்கள். 2022இல் அதையே ஒளியியல் கடிகாரமாகவும் ஓட்டினார்கள். ஈபிட்டுக்கு அங்கே அயனியைச் செய்து கொடுப்பது மட்டுமே வேலை, அளப்பது அல்ல.