பழைய இயந்திரம் வாங்கும் முன் எங்கே தேடுவது: எம்.சி.ஏ. பதிவேட்டிலா, செர்சாயிலா?

சென்ற ஆண்டு எங்கள் பட்டறைக்கு ஒரு பழைய வி.எம்.சி. இயந்திரம் (கணினிக் கட்டுப்பாட்டில் உலோகத்தைக் குடைந்து செதுக்குவது) வாங்கினேன். விற்றது கோவையில் உள்ள ஒரு பிரைவேட் லிமிடெட் நிறுவனம். இயந்திரம் நல்ல நிலையில் இருந்தது, விலையும் படிந்தது. இதை வாங்க எடுத்த கடன் எப்போதோ அடைந்துவிட்டது என்று சொல்லி, வங்கி தந்த கடிதத்தையும் காட்டினார்கள். கடிதம் உண்மையானதுதான். அப்படியிருந்தும் இயந்திரத்தின் மேல் வங்கியின் பிடி விடவில்லை. முன்பணம் கொடுக்கும் முன் அது தெரியவந்ததற்குக் காரணம், எம்.சி.ஏ. எனப்படும் மத்திய கம்பெனி விவகார அமைச்சகத்தின் இணையதளத்தில் உள்ள சார்ஜ் பதிவேடு, அதாவது கம்பெனிகள் கடனுக்கு ஈடு வைத்த சொத்துகளின் பதிவேடு. அதனால் என் மனம் அந்தப் பக்கம் சாய்ந்தே இருக்கிறது.

வில்லங்கச் சான்றிதழைப் பற்றி அதிகம் பேச வேண்டியதில்லை. சார்பதிவாளர் அலுவலகப் பதிவு நிலத்துக்கும் கட்டடத்துக்கும் உரியது. பட்டறையை இடத்தோடு வாங்குகிறவர்களுக்கு அது கட்டாயம். கழற்றி லாரியில் ஏற்றும் இயந்திரத்தின் கடன் அதில் வராது. லாரியே வாங்குவதென்றால் ஆர்.சி. புத்தகத்தில் ஹைப்போதிகேஷன் (பொருளைத் தன்னிடமே வைத்துக்கொண்டு கடனுக்கு ஈடாக எழுதித் தருவது) பதிவைப் பார்த்தால் போதும். இயந்திரத்துக்கு அப்படி ஒரு புத்தகம் கிடையாது. சிக்கலே அங்கேதான் தொடங்குகிறது.

இனி மிஞ்சுவது இரண்டு. ஒரு கம்பெனி தன் சொத்தை ஈடாக வைத்துக் கடன் வாங்கினால், 2013ஆம் ஆண்டின் கம்பெனிகள் சட்டம் 77ஆம் பிரிவின்படி அதைக் கம்பெனிப் பதிவாளரிடம் பதிய வேண்டும். எம்.சி.ஏ. தளத்தில் கம்பெனியின் பெயரைக் கொடுத்தால் அந்தச் சார்ஜ்களின் பட்டியலைக் கட்டணமில்லாமல் பார்க்கலாம்: கடன் தந்தவர் யார், எந்தத் தேதி, எவ்வளவு தொகை, தீர்ந்ததா இல்லையா என்பதெல்லாம் இருக்கும். செர்சாய் என்பது, நீதிமன்றம் போகாமலே வங்கிகள் ஈட்டுச் சொத்தைக் கைப்பற்ற வழிசெய்யும் சர்ஃபேசி சட்டத்தின் கீழ், ஈடுகளைப் பதிய 2011இல் செயல்படத் தொடங்கிய மத்தியப் பதிவகம். ஒரே பத்திரத்தைக் காட்டிப் பல வங்கிகளில் கடன் வாங்கும் மோசடியைத் தடுக்கத்தான் அது வந்தது. 2016இல் இயந்திரம், சரக்கு, வரவேண்டிய பாக்கி ஆகியவற்றின் மீதான ஈடுகளும் அதில் சேர்ந்தன. ஒரு தேடலுக்குப் பத்து ரூபாயும் ஜி.எஸ்.டி.யும்தான் கட்டணம்.

கட்டணத்தை வைத்து இரண்டையும் எடை போடுவதில் பொருளில்லை. எது முழு விவரத்தைத் தருகிறது என்பதுதான் கேள்வி.

எம்.சி.ஏ. பட்டியலில் அந்த நிறுவனத்தின் பெயரில் இரண்டு சார்ஜ்கள் இருந்தன. ஒன்று தீர்ந்தது, அவர்கள் காட்டிய கடிதத்துக்கு உரியது. மற்றொன்று தீராமல் நின்றது. கேட்டபோது, "அது கேஷ் கிரெடிட் கணக்கு சார், சரக்கின் மேல் வாங்கியது, இயந்திரத்துக்குச் சம்பந்தமில்லை" என்றார் நிர்வாகி. கேஷ் கிரெடிட் என்பது தொழிலை நடத்த வங்கி தரும் சுழல் கடன். அவர் பொய் சொன்னதாக நான் நினைக்கவில்லை, அப்படித்தான் நம்பியிருக்கிறார். நூறு ரூபாய் கட்டி, அந்தக் கம்பெனியின் பொது ஆவணங்களைத் திறந்தேன். சார்ஜைப் பதியத் தாக்கல் செய்யும் சி.எச்.ஜி.-1 படிவத்தோடு வங்கியின் ஹைப்போதிகேஷன் பத்திரமே இணைக்கப்பட்டிருந்தது. சரக்கும் பாக்கிகளும் மட்டுமல்ல, கம்பெனிக்கு இன்று உள்ள, இனி வரப்போகிற எல்லா இயந்திரங்களும் அதில் ஈடு. இயந்திரக் கடனை அடைத்த நாளிலும் அந்த வாசகம் அப்படியே உயிரோடு இருந்திருக்கிறது.

பத்திரத்தையே படிக்க முடிவதுதான் என்னைப் பொறுத்தவரை எல்லாவற்றையும் தீர்மானிக்கிறது. பழைய இயந்திரம் வாங்குகிறவர்கள் "இந்த இயந்திரத்தின் மேல் கடன் உண்டா?" என்று கேட்டு ஏமாறுகிறார்கள். "இந்தக் கம்பெனி வாங்கிய எந்தக் கடனுக்காவது இது ஈடாக நிற்கிறதா?" என்று கேட்க வேண்டும். அதற்கு வரிகளைப் படிக்காமல் பதில் கிடைக்காது. இன்னொன்று: கம்பெனிகள் சட்டத்தின் 80ஆம் பிரிவின்படி, பதிவான சார்ஜ் உள்ள சொத்தை வாங்குகிறவர் அதை அறிந்தே வாங்கியதாகக் கொள்ளப்படும். தெரியாது என்ற பேச்சுக்கு இடமில்லை. செர்சாய் பதிவும் சட்டப்படி பொது அறிவிப்புதான்.

அதே நிறுவனத்தைச் செர்சாயிலும் தேடினேன். இயந்திரத்தின் வரிசை எண்ணைக் கொடுத்தபோது எதுவும் வரவில்லை. கடனாளியின் பெயரைக் கொடுத்தபோது பதிவு வந்தது. ஆனால் விவரம் சுருக்கமாக இருந்தது, பத்திரம் இல்லை. எண்ணை மட்டும் தேடிவிட்டு நிம்மதியாகத் திரும்பியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று இப்போதும் நினைத்துப் பார்க்கிறேன்.

செர்சாய்க்கென்று வலுவான இடமும் உண்டு. விற்பவர் தனியுரிமையாளர் அல்லது கூட்டு (பார்ட்னர்ஷிப்) நிறுவனம் என்றால் எம்.சி.ஏ.வில் தேடவே வழியில்லை. நம் ஊர்ப் பட்டறைகளில் அப்படிப்பட்டவை ஏராளம். அங்கே செர்சாய் ஒன்றுதான் துணை. 2020 ஜனவரி முதல், செர்சாயில் பதியாத ஈட்டைக் கொண்டு சர்ஃபேசி நடவடிக்கை எடுக்க முடியாது என்பதால், வங்கிகளுக்கும் அங்கே பதிய நல்ல காரணம் இருக்கிறது. அரசுத் துறைகளின் ஜப்தி உத்தரவுகளைப் பதியவும் அதில் இடமிருக்கிறது. கூட்டு நிறுவனத்திடம் நான் வாங்கியது ஒரே ஒரு முறை, அதுவும் சிறிய கடைசல் இயந்திரம். அந்த அனுபவத்தை வைத்து அடித்துச் சொல்ல மாட்டேன். நிறுவனத்தின் பெயரோடு பங்குதாரர்களின் பெயர்களையும் தனித்தனியாகத் தேடினேன். எழுத்துக்கூட்டல் மாறினால் விடுபடும் என்று அஞ்சி இரண்டு மூன்று விதமாகவும் தேடினேன்.

வட்டிக்காரரிடம் வாங்கிய கைக்கடனை இரண்டிலும் தேடிப் பயனில்லை. எம்.சி.ஏ. காட்டும் தொகை ஈட்டுக்கு எழுதிய தொகை, இன்றைய பாக்கி அல்ல. கடனை அடைத்தும், சார்ஜ் தீர்ந்ததைத் தெரிவிக்கும் சி.எச்.ஜி.-4 படிவத்தைத் தாக்கல் செய்யாமல் விட்டால் தீர்ந்த சார்ஜும் தீராததுபோல் நிற்கும். அப்போது வங்கியிடமே கேட்டுவிட வேண்டும்.

கடைசியில் அந்த இயந்திரத்தை வாங்கினேன். வரிசை எண்ணைக் குறிப்பிட்டு, இதை மட்டும் ஈட்டிலிருந்து விடுவிப்பதாக வங்கியிடமிருந்து கடிதம் வாங்கித் தரச் சொன்னேன். மூன்று வாரம் ஆனது. பணத்தையும் வங்கி சொன்னபடி அந்தக் கேஷ் கிரெடிட் கணக்கிலேயே செலுத்தினேன். சார்ஜைப் பதிய 30 நாள் அவகாசம், கூடுதல் கட்டணத்தோடு மொத்தம் 120 நாள் வரை போகலாம் என்பதால், நேற்று வாங்கிய கடன் இன்றைய தேடலில் தெரியாமல் போகும். அதற்காகப் பத்தில் ஒரு பங்கை நான்கு மாதம் நிறுத்திவைக்கக் கேட்டேன். இரண்டு மாதத்துக்குத்தான் ஒப்புக்கொண்டார்கள். பாக்கியைக் கொடுக்கும் நாள் காலையில் இரண்டு பதிவேடுகளையும் மறுபடி தேடிவிட்டுத்தான் காசோலையில் கையெழுத்திட்டேன்.