தென் பெங்களூரு ஏர் பிஸ்டல் கூடம்: எல்லாம் சரி, பிடிதான் இடிக்கிறது

சினிமாத் துப்பாக்கியை நினைத்துக்கொண்டு போகிறவர்களுக்கு இந்த 10 மீட்டர் கூடம் ஏமாற்றம்தான். சோடா மூடி திறக்கிற அளவுக்குத்தான் சத்தம், உதைப்பும் இல்லை. 4.5 மி.மீ. ஈயப் பெல்லட், பத்து மதிப்பெண் வட்டம் 11.5 மி.மீ., அதாவது ஒரு சட்டைப் பொத்தான்.

பிஸ்டலின் அழுத்தக் காற்றுச் சிலிண்டர் பராமரிப்புக்கு முழு மதிப்பெண். 200 பார் அழுத்தத்துக்கு மெதுவாக நிரப்புகிறார்கள். அவசரமாக ஏற்றினால் காற்று சூடாகி அழுத்தமானியின் முள் 200 காட்டும், ஆறியதும் இறங்கிவிடும். காற்றுக் கசியாமல் தடுக்கும் ரப்பர் வளையமான ஓ-ரிங்குக்கு சிலிக்கான் கிரீஸ் மட்டுமே; பெட்ரோலிய எண்ணெய் உயர் அழுத்தக் காற்றில் தீப்பிடிக்கலாம். சுடாத நேரத்தில் குழலுக்குள் பெல்லட் இல்லை என்று காட்டும் பாதுகாப்புக் கொடி போட வைப்பதில் கண்டிப்பு. அதுவும் சரி.

வாடகை பிஸ்டல்கள்தான் தலைவலி. எல்லாமே மீடியம் பிடி. சின்னக் கைக்கு விரலின் ஓரம்தான் டிரிகருக்கு எட்டும். இழுக்கும்போது குழலும் பக்கவாட்டில் நகரும், பெல்லட்டெல்லாம் ஒரே பக்கம் விழும். உடனே குறிபார்க்கும் பின்குறியைத் திருகிவிடுகிறார்கள். அடுத்து வருபவருக்கு அந்தக் கோணலும் சேர்ந்து கிடைக்கிறது. எத்தனை கிளிக் திருப்பினோம் என்று எழுதி வைத்துவிட்டு, போகும்போது பழைய இடத்துக்குத் திருப்புங்கள்.

சொந்த பிஸ்டல்காரர்கள் அதை அடுத்தவர் தொட விடாததற்குக் காரணமும் இந்தப் பிடிதான். மரப்பிடியில் புட்டி (மர இடுக்குகளை அடைக்கும் பசை) அப்பி, இறுகப் பிடித்து விரல் பதித்து, ஒரு நாள் காயவிட்டு, உப்புத்தாளால் தேய்ப்பார்கள். இடிக்கிற இடத்தில் மறுபடி தேய்ப்பு. தேய்ந்த செருப்பு மாதிரி, பிறகு அது இன்னொருவருக்குப் பொருந்தாது. ஆசையில் அதிகமாக அப்பினால் போட்டியில் 420 x 200 x 50 மி.மீ. சோதனைப் பெட்டிக்குள் அடங்காது. டிரிகரும் விடுபடாமல் 500 கிராம் எடையைத் தாங்க வேண்டும்.

குடகில் கைல்போதுத் திருநாளில் துப்பாக்கிக்குக் காந்தள் பூ வைத்து வணங்குவார்கள். புட்டிக்காரர்களின் பாசமும் அதற்குக் குறைந்ததல்ல.

ஒன்றை மட்டும் உடனே மாற்ற வேண்டும். இலக்கடியில் துடைப்பத்தால் பெருக்குகிறார்கள், ஈயத் தூசி கிளம்புகிறது. ஈரத்துணியால் துடைக்கச் சொல்லிக் கேளுங்கள். சுட்டு முடித்ததும் சோப்பு போட்டுக் கை கழுவாமல் காபியைத் தொடாதீர்கள்.