ரேலிக்கு ரெடி பண்ணித் தர்றோம் என்று சொல்லி உங்கள் நாயைக் கேட்டால், ஒரு நிமிஷம்

ரேலி என்றால், நாயும் சொந்தக்காரரும் சேர்ந்து நடந்து, வழியில் உள்ள அட்டைகள் சொல்வதைச் செய்துகாட்டும் போட்டி. மதுரைக்கு வெளியே ஒரு தோப்பில், நாயைத் தங்கவைத்துப் பழக்கித் தரும் இடம். '45 நாளில் ரேலிக்கு ரெடி' என்று 28,000 ரூபாய் முன்பணமாக வாங்கிக்கொண்டார்கள், ரசீது கிடையாது. ஒப்படைத்தது ஒன்றரை வயது சிப்பிப்பாறை நாய். வாரம் ஒரு வீடியோ வாட்ஸ்அப்பில் வந்தது. அதில் 'சிட்' என்றால் டக்கென்று உட்காரும். வீட்டுக்கு வந்தபின் காதிலேயே வாங்கவில்லை.

வீடியோவை நிறுத்தி நிறுத்திப் பார்த்தால் குட்டு வெளிப்படும். பழக்குகிறவரின் மூடிய கை நாயின் மூக்குக்குச் சற்று மேலே இருக்கிறது, உள்ளே கோழித் துண்டு. மூக்கு மேலே போனால் இடுப்பு தானாக இறங்கும். சொல்லுக்கு அங்கே வேலையே இல்லை. தீனி காட்டி உட்காரவைப்பது தப்பில்லை, ஆனால் அது முதல் நாள் பாடம். ஐந்தாறு தடவை ஆனதும் வெறுங்கையால் அதே சைகை, உட்கார்ந்த பிறகு பையிலிருந்து தீனி என்று மாற்ற வேண்டும். போதாக்குறைக்கு ஒருவர் 'சிட்' என்கிறார், இன்னொருவர் 'உக்கார்றா' என்கிறார். நிழல் காலடியில் சுருண்டு கிடக்கிறது, அதாவது உச்சி வெயிலில் பழக்கியிருக்கிறார்கள்.

இதைவிடப் பெரிய கோளாறு, நாயை எந்நேரமும் எதிரே நிறுத்தியே பழக்கியது. ரேலியில் நாய் நம் இடப்பக்கம் வர வேண்டும். வழியில் வைத்திருக்கும் அட்டைகளைப் படித்துக்கொண்டே நடப்போம், நாம் நின்று நாயை உட்காரவைக்கும் அட்டை வந்தால் நாய் நம் காலோரமாக உட்கார வேண்டும். இந்த நாயோ சுற்றி வந்து முன்னால் உட்காருகிறது. தீனி கிடைத்த இடத்துக்குத்தானே போகும்! திருத்த வேண்டுமென்றால், சுவருக்கும் நம் இடது காலுக்கும் நடுவில் நாயை விட்டு, இடது கையால், பேன்ட் தையலை ஒட்டியே தீனி கொடுக்க வேண்டும். புதிதாகப் பழக்குவதைவிட இதற்குத்தான் நாள் பிடிக்கும்.

கழுத்தைச் சுற்றி முடி தேய்ந்திருந்தது, சுருக்குச் சங்கிலியைச் சுண்டி இழுத்ததன் தடம். அமெரிக்கன் கென்னல் கிளப் விதிப்படி தொடக்கநிலை ரேலியில் நாயை வாரோடுதான் நடத்துகிறார்கள், ஆனால் வார் தொய்வாக இருக்க வேண்டும், இறுகினால் மதிப்பெண் போகும். 100-க்கு 70 எடுத்தால்தான் தேர்ச்சி. பேசலாம், வாயால் பாராட்டலாம், நாயைத் தொடக் கூடாது. இழுத்து இழுத்தே நடக்கப் பழகிய நாய் அங்கே என்ன செய்யும்?

காசு கொடுக்கும் முன், அவர்கள் பழக்கி அனுப்பிய ஒரு நாயைக் காட்டச் சொல்லுங்கள். தோப்பில் வேண்டாம், சாயங்காலம் தெப்பக்குளத்துப் பக்கம், கூட்டத்துக்கு நடுவில். அதன் சொந்தக்காரர் வெறுங்கையோடு ஒரே ஒரு தடவை சொல்லட்டும். வாரம் ஒருநாளாவது உங்களையும் வைத்துப் பழக்க மாட்டோம் என்றால் அங்கே விட வேண்டாம்.

பணத்தைத் திருப்பிக் கேட்டதற்கு, 'சிப்பிப்பாறைக்கு உட்கார வராதுங்க' என்று பதில். ஒல்லி உடம்புக்கு வெறும் சிமெண்ட் தரை உறுத்தும், அவ்வளவுதான். சாக்கை நாலாக மடித்துப் போட்டதும் உட்கார்ந்துவிட்டது.