வெட்டி ஒட்டிய ஒளிபரப்பும் கைமாறிய கேசட்டும்: அமெரிக்காவில் அனிமே பரவிய இரு வழிகள்

ஜப்பானிய அசைவூட்டப் படைப்புகளான அனிமே அமெரிக்க வீடுகளுக்குள் நுழைந்த வழிகள் இரண்டு. உள்ளூர் நிலையங்களின் தேவைக்கேற்ப வெட்டியும் பெயர் மாற்றியும் தொலைக்காட்சி காட்டியது ஒன்று. ரசிகர்களே வீடியோ கேசட்டில் படியெடுத்து, வசனங்களை மொழிபெயர்த்துப் பரிமாறிக்கொண்டது மற்றொன்று. கூட்டம் சேர்த்தது முதல் வழி என்றாலும், இன்றைய அனிமே ரசனைக்கு வித்திட்டது இரண்டாவதே என்று உறுதியாகக் கருதுகிறேன்.

1985-இல் அமெரிக்காவில் வெளிவந்த ‘ரோபோடெக்’ தொலைக்காட்சித் தொடர் முதல் வழியின் வலிமையையும் குறையையும் ஒருசேரக் காட்டுகிறது. வார நாட்களில் தினமும் ஒளிபரப்ப வேண்டிய தொடருக்கு 65 பகுதிகளாவது தேவை என்பது அன்றைய வணிக வழக்கம். அதற்கு மூலமான ஜப்பானிய ‘மேக்ராஸ்’ தொடரிலோ 36 பகுதிகளே இருந்தன. எனவே ஹார்மனி கோல்ட் நிறுவனம், அதனோடு எந்தத் தொடர்பும் இல்லாத ‘சதர்ன் கிராஸ்’, ‘மோஸ்பீடா’ ஆகிய தொடர்களை ஒரே கதையாகப் பிணைத்து 85 பகுதிகளாக்கியது. மூலத்துக்கு இழைக்கப்பட்ட அநீதி அது. ஆயினும் முக்கியப் பாத்திரங்களின் மரணத்தையும் வளர்ந்துகொண்டே போகும் காதல் கதையையும் அது மறைக்கவில்லை. உள்ளூர்க் கார்ட்டூன்களில் காணக் கிடைக்காத அந்தக் கனமே சிறுவர்களை ஈர்த்தது. அதே ஆண்டில் மியாசாகியின் ‘நவுசிக்கா’ அனிமே திரைப்படத்துக்கு இந்த நல்லூழும் வாய்க்கவில்லை. இருபது நிமிடங்களுக்கு மேல் வெட்டப்பட்டு, வேறு தலைப்பில் அது வெளியானது.

கேசட் வழியைச் சாத்தியமாக்கியது ஒரு தொழில்நுட்ப ஒற்றுமை. ஜப்பானும் அமெரிக்காவும் என்.டி.எஸ்.சி. என்ற ஒரே தொலைக்காட்சி ஒளிபரப்பு முறையையே பின்பற்றியதால், டோக்கியோவில் பதிவான கேசட் லாஸ் ஏஞ்சலிஸில் அப்படியே ஓடியது. வேறு முறைகளைப் பின்பற்றிய பிரிட்டனுக்கும் பிரான்சுக்கும் இந்த வசதி இல்லை. பிரான்சில் 1978-இல் ‘கோல்டராக்’ என்ற அனிமே தொடர் வாயிலாகத் தொலைக்காட்சியே அனிமேயைப் பரப்பும் வேலையைச் செய்தது. லாஸ் ஏஞ்சலிஸில் 1977-இல் தொடங்கிய ரசிகர் மன்றம் ஜப்பானிய மொழியிலேயே படங்களைத் திரையிட்டது. எண்பதுகளின் பிற்பகுதியில் அமிகா கணினியும் கணினி எழுத்துகளை வீடியோவின் மேல் பொருத்தும் ஜென்லாக் கருவியும் வீட்டிலேயே சப்டைட்டில் பதிக்க வழி செய்தன. படியெடுக்க எடுக்கப் படம் மங்கியது. ஒரு கேசட்டைப் பார்த்தவர்கள் தொலைக்காட்சி நேயர்களோடு ஒப்பிட மிகச் சிலரே. காப்புரிமைச் சட்டப்படி அது மீறலும்கூட. எனினும் ஒரு படைப்புக்கு அமெரிக்க உரிமம் வாங்கப்பட்டவுடன் அதன் படிகளை நிறுத்திவிடுவது பல குழுக்களின் நெறியாக இருந்தது. காசுக்காக அன்றி, வெட்டப்படாத கதையைக் காண வேண்டும் என்ற வேட்கையால் செய்த உழைப்பு அது.

எண்ணிக்கையில் தொலைக்காட்சியோடு போட்டியே இல்லை. 1998-இல் கார்ட்டூன் நெட்வொர்க் அலைவரிசையின் டூனாமி நிகழ்ச்சித் தொகுப்பில் இடம்பிடித்த ‘டிராகன் பால் இசட்’ பெற்ற வரவேற்பை எந்தக் கேசட் வலையமைப்பும் கனவு கண்டிருக்க முடியாது. ஆனால் வணிகம் பின்னர் நகர்ந்த திசையைப் பாருங்கள். டிவிடி வந்தபோது ஜப்பானிய ஒலியும் சப்டைட்டிலும் ஆங்கில டப்பிங்கும் ஒரே தட்டில் அமர்ந்தன. ரசிகர்கள் பதிவேற்றிய படங்களோடு 2006-இல் தொடங்கிய கிரஞ்சிரோல் இணையதளம், 2009-இல் ஜப்பானிய நிலையமான டிவி டோக்கியோவின் உரிமத்துடன் ‘நருடோ ஷிப்புடென்’ தொடரின் புதிய பகுதிகளை, ஜப்பானில் ஒளிபரப்பான சிறிது நேரத்திலேயே, சப்டைட்டிலுடன் வெட்டின்றி வழங்கத் தொடங்கியது.