வெபர் கெட்டில் கரியடுப்பில் முழு வான்கோழி

1952இல் வெபர் உலோகப் பட்டறையைச் சேர்ந்த ஜார்ஜ் ஸ்டீபன் உலோகக் கடல் மிதவையை வெட்டி உருவாக்கிய வடிவத்தையே இன்றும் கொண்டிருக்கும் இந்த அடுப்பின் பலம், அதன் குவிந்த மூடிதான், 57 செ.மீ. விட்டமுள்ளதில் ஐந்தரைக் கிலோ வான்கோழி முழுதாக அடங்குகிறது. கரியை இரு ஓரங்களிலும் ஒதுக்கி, நடுவில் நீர்த்தட்டை வைத்து, அதற்கு மேலே கம்பித்தட்டில் பறவையைக் கிடத்தி மூடினால், வெப்பம் உள்ளேயே சுழன்று, ஏறத்தாழ மூன்று மணி நேரத்தில் தோலை மொறுமொறுப்பாக்கி, மார்புக்கறியையும் வறண்டுவிடாமல் காக்கிறது. இடையிடையே கரி சேர்க்க வேண்டியிருப்பதும், ஆவலில் மூடியைத் திறந்தால் (அந்த ஆவல் எங்கள் வீட்டில் எனக்கே அதிகம்) சூடு தணிந்துவிடுவதும் பொறுமையைச் சோதிக்கின்றன. மூடியிலுள்ள வெப்பமானி காற்றின் சூட்டையே காட்டுவதால், தொடையின் உட்பகுதி 74 டிகிரி செல்சியஸை எட்டியதா என்றறிய இறைச்சி வெப்பமானியைத் தனியே வாங்கியாக வேண்டும். வான்கோழி விருந்துக்குப் பெயர்பெற்ற அமெரிக்கப் பண்டிகையான நன்றியறிதல் நாளன்று சமையலறை ஓவன் மற்றப் பண்டங்களுக்குக் காலியாகக் கிடைப்பதற்காகவே இதை வாங்கலாம்.