ஓமனுக்குச் சான்றிதழ் அட்டெஸ்டேஷன்: நெல்லைக் கடைகளின் சேவை எப்படி?

திருநெல்வேலி ஜங்ஷனில் தொடங்கி வண்ணார்பேட்டை, பாளை, மேலப்பாளையம், தென்காசி, கடையநல்லூர் வரை டிக்கெட் போடும் டிராவல்ஸ் கடைகள் பலவற்றில் 'எம்பசி அட்டெஸ்டேஷன் செய்து தரப்படும்' என்ற போர்டும் தொங்கும். சான்றிதழில் உள்ள கையெழுத்தும் முத்திரையும் உண்மைதான் என்று மேலிடத்து முத்திரை வாங்கித் தருகிற வேலை அது. ஓமன் வேலைக்கும் குடும்ப விசாவுக்கும் அவர்கள் விற்கும் பேக்கேஜை மட்டும் இங்கே பார்க்கலாம். அலைச்சல் மிச்சமாகிறது, அந்த வகையில் கொடுக்கிற காசுக்குத் தகுந்த சேவைதான். ஆனால் பில்லில் 'ஓமன் எம்பசி சார்ஜ்' என்று தனியாக ஒரு வரி இருந்தால், ஃபைலைத் திரும்ப வாங்கிக்கொண்டு அடுத்த கடைக்குப் போய்விடுங்கள்.

காரணம், அந்தச் செலவுக்கு இப்போது வேலையே இல்லை. 1961 அக்டோபர் 5-ல் ஹேக் நகரில் கையெழுத்தான அப்போஸ்டில் ஒப்பந்தம் இந்தியாவுக்கு 2005 ஜூலை 14 முதலும், ஓமனுக்கு 2012 ஜனவரி 30 முதலும் செல்லுபடியாகிறது. இரண்டு நாடுகளும் உள்ளே வந்துவிட்டதால், நம் வெளியுறவு அமைச்சகம் ஒட்டும் 'அப்போஸ்டில்' என்ற சதுர ஸ்டிக்கரோடு வேலை முடிந்தது. அதற்கு மேல் தூதரக முத்திரை கிடையாது.

பிறகு அந்த வரி ஏன் இன்னும் பில்லில் தொங்குகிறது? அதற்கு இரண்டு நாடுகளிலும் தூதரகம் வந்த கதை தெரிய வேண்டும். இந்தியாவும் மஸ்கட் சுல்தானும் 1953-ல் நட்பு, வணிக ஒப்பந்தம் போட்டார்கள். 1955 பிப்ரவரியில் மஸ்கட்டில் இந்தியத் துணைத் தூதரகம் திறந்தது. ஐந்து வருடம் கழித்து அங்கே கான்சல் ஜெனரல் அந்தஸ்து. முழுத் தூதரகம் ஆனது 1971-ல்தான். முதல் இந்தியத் தூதர் போய் இறங்கியது 1973-ல். கான்சல் என்பவர் தன் நாட்டுக் குடிமக்களையும் வியாபாரத்தையும் பார்த்துக்கொள்பவர். தூதரோ குடியரசுத் தலைவர் தரும் நியமனப் பத்திரத்தைக் கொண்டுபோய் சுல்தான் கையில் கொடுத்து, நாட்டின் பெயரால் பேசுபவர். இந்த ஏணியில் ஏற 18 வருடம் பிடித்ததற்கு மஸ்கட் பக்கத்து நிலவரமும் காரணம். சுல்தான் சயீத் பின் தைமூர் நாட்டைப் பூட்டியே வைத்திருந்தார்; வெளி விவகாரங்களில் பிரிட்டன் கை ஓங்கியிருந்தது.  1970 ஜூலையில் மகன் காபூஸ் ஆட்சிக்கு வந்தார். அடுத்த வருடம் ஓமன் ஐ.நா.வில் சேர்ந்தது. 1972-ல் டெல்லியில் ஓமன் தூதரகமும், 1976-ல் பம்பாயில் துணைத் தூதரகமும் வந்தன.

இந்திய அமைச்சகத்தின் கையெழுத்து உண்மையா என்று மஸ்கட்டில் இருப்பவருக்கு உறுதி சொல்ல, இங்கே இருந்த ஓமன் அலுவலகம்தான் அப்போது ஒரே வழியாக இருந்தது. ஆகவே கடைசி முத்திரை அவர்களுடையதாக இருந்தது. 2012-க்கு முன்னால் கடைக்காரர் டெல்லி கூரியருக்கும் தூதரகக் கட்டணத்துக்கும் காசு வாங்கியதில் தப்பு சொல்ல முடியாது. இப்போதும் சில ஓமன் கம்பெனிகளின் பழைய படிவத்தில் 'எம்பசி அட்டெஸ்டட்' என்றே கேட்டிருக்கும். அப்போஸ்டில் போதுமா என்று ஹெச்.ஆரிடம் மெயிலில் கேட்டுப் பதிலை எடுத்து வைத்துக்கொள்வது நல்லது.

இனி பேக்கேஜுக்குள் என்ன நடக்கிறது என்பது. பட்டச் சான்றிதழ் என்றால் முதலில் பல்கலைக்கழகத்தின் உண்மைத்தன்மைச் சான்று, அடுத்து சென்னையில் மாநில அரசின் முத்திரை, அதன் பிறகு வெளியுறவு அமைச்சகம். அமைச்சகம் பொதுமக்களிடம் நேராக வாங்குவதில்லை. அது நியமித்த ஏஜென்சிகள் வழியாகத்தான் போக வேண்டும். அப்போஸ்டிலுக்கு அரசுக் கட்டணம் ஒரு சான்றிதழுக்கு 50 ரூபாய்தான். அதற்கு மேல் வாங்குவதெல்லாம் ஏஜென்சி கூலி, கூரியர், சென்னை அலைச்சல், கடை லாபம். நெல்லை எக்ஸ்பிரஸ் ஏறி நீங்களே போய்வரலாம், ஆனால் ஒரே நடையில் முடிகிற வேலை இல்லை.

அதிகம் இழுப்பது முதல் படிதான், அதுவும் நம் ஊருக்கே உரிய காரணத்தால். மனோன்மணீயம் சுந்தரனார் பல்கலைக்கழகம் 1990-ல் வந்தது. அதற்கு முன் பாளையங்கோட்டைக் கல்லூரியில் படித்தவரின் பட்டத்தில் மதுரை காமராசர் பல்கலைக்கழகம் இருக்கும். கடைக்காரர் கல்லூரிப் பெயரைப் பார்த்து சுந்தரனார் பல்கலைக்கழகம் இருக்கும் அபிஷேகப்பட்டிக்கு அனுப்பினால் ஃபைல் அப்படியே திரும்பும். பொறியியலில் இன்னும் குழப்பம்: 2007 முதல் 2012 வரை நெல்லைக்குத் தனி அண்ணா பல்கலைக்கழகம் இருந்து, பிறகு தாய்ப் பல்கலைக்கழகத்தோடு இணைந்துவிட்டது. அந்த வருடங்களின் பட்டம் என்றால் எங்கே அனுப்பப் போகிறார்கள் என்று கேட்டுவிட்டுக் கொடுங்கள். பதில் தடுமாறினால் தாமதம் நிச்சயம்.

திருமணச் சான்றிதழுக்கு ஜமாஅத் நிக்காஹ் புத்தகமோ சர்ச் சான்றோ போதாது. சார்பதிவாளர் அலுவலகப் பதிவுச் சான்று வேண்டும். தமிழ்நாட்டுச் சட்டப்படி திருமணமான 90 நாளுக்குள் பதிய வேண்டும் என்பதையும் பலர் விசா வந்த பிறகுதான் நினைக்கிறார்கள். பிறப்புச் சான்றிதழில் குழந்தையின் பெயர் ஏறியிருக்கிறதா என்று பாருங்கள். போலீஸ் கிளியரன்ஸ் மட்டும் கடையில் கொடுக்கவே வேண்டாம்: நெல்லை பாஸ்போர்ட் சேவா கேந்திரத்தில் 500 ரூபாய் கட்டி நீங்களே வாங்கலாம்.

கடைகள் வாய் திறக்காத விஷயம் இனிஷியல். சான்றிதழில் 'எம். முருகன்', பாஸ்போர்ட்டில் அப்பா பெயரை விரித்து எழுதிய இரண்டு சொல் பெயர். இங்கே ஒரு மேஜையிலும் இது சிக்காது. ஏனென்றால் அப்போஸ்டில் உறுதி சொல்வது கையெழுத்து, கையெழுத்திட்டவரின் பதவி, முத்திரை ஆகியவற்றுக்கு மட்டும். உள்ளே எழுதியிருப்பது சரியா என்று யாரும் பார்ப்பதில்லை. மஸ்கட்டில் பாஸ்போர்ட்டோடு வைத்துப் பார்க்கும்போதுதான் இடிக்கும். அட்டெஸ்டேஷனுக்குக் கொடுக்கும் முன்பே பெயரைச் சரிசெய்வது மேல். 'இருவரும் ஒருவரே' என்ற அஃபிடவிட்டைக் கடைக்காரர் எளிதாகப் போட்டுத் தருவார். எல்லா இடத்திலும் அது எடுபடாது.

இன்னொரு குறுக்கு வழி, நகலுக்கு நோட்டரி கையெழுத்து வாங்கி அதில் ஸ்டிக்கர் ஒட்டுவது. சீக்கிரம் முடியும், மலிவு. ஆனால் அந்த ஸ்டிக்கர் நோட்டரியின் கையெழுத்துக்கு மட்டுமே சாட்சி, பட்டத்துக்கு இல்லை. 'ஒரிஜினல் தர வேண்டாம் அண்ணாச்சி, ஜெராக்ஸ் போதும்' என்று யாராவது சொன்னால் நடப்பது இதுதான். லேமினேட் செய்த சான்றிதழையும் அப்படியே கொடுக்காதீர்கள். முத்திரை வைக்க இடமில்லை. கடைப் பையன் அதை உரித்தால் மை பிளாஸ்டிக்கோடு வந்துவிடும். டூப்ளிகேட் வாங்குவது பாதுகாப்பு.

வாங்கும்போது ஸ்டிக்கரைக் கடையிலேயே பாருங்கள். தலைப்பு பிரெஞ்சு மொழியில், கீழே 1 முதல் 10 வரை எண்ணிட்ட வரிகள், எட்டாவதில் பதிவு எண். அந்த எண்ணை அமைச்சகத்தின் இணையப் பதிவேட்டில் போட்டுப் பார்த்துவிட்டு மீதிப் பணத்தைக் கொடுக்கலாம். நல்ல கடைக்காரர் இதற்கு முகம் சுளிக்க மாட்டார்.

'அவசர' பேக்கேஜுக்கு மட்டும் எங்கள் ஓட்டு இல்லை. பல்கலைக்கழகத்தின் பதில் வருகிற வேகத்தை எந்தக் கடையும் கூட்ட முடியாது. கூடுவது கூரியர் வேகம் மட்டுமே. சவூதி (2022 டிசம்பர் முதல்), பஹ்ரைன், சிங்கப்பூர் போகிறவர்களுக்கும் மேலே சொன்ன அப்போஸ்டில் கணக்கே பொருந்தும். துபாய், குவைத், கத்தார் ஒப்பந்தத்துக்கு வெளியே இருப்பவை. அங்கே எம்பசி சார்ஜ் நியாயமான செலவுதான், ரசீது மட்டும் கேட்டு வாங்குங்கள்.