கருப்பை வாய்ச் சிகிச்சைக்கு 62,400 ரூபாய் கட்டினேன். எடுத்த திசு எங்கே என்று கேட்டால் பதில் இல்லை

நேற்று மாலை ஐந்தாவது முறையாக அந்த மையத்துக்குப் போய், "உங்களுக்குக் கொடுக்க எந்த ரிப்போர்ட்டும் இல்லை" என்ற பதிலை வாங்கிக்கொண்டு வந்தேன். இரவு முழுவதும் கண் மூடவில்லை. மனம் ஆறிப்போவதற்குள் நடந்ததை நடந்தபடியே எழுதிவிட வேண்டும் என்று விடிந்ததும் உட்கார்ந்திருக்கிறேன். புகார் கொடுக்கவிருப்பதால் பெயரை இப்போது வெளியிட வேண்டாம் என்று வழக்கறிஞர் சொல்லியிருக்கிறார். பெண்களுக்கென்றே நடத்தப்படும் ஒரு தனியார் சிகிச்சை மையம் என்று மட்டும் வைத்துக்கொள்ளுங்கள்.

எனக்கு வயது 41. சலுகை விலையில் முழு உடல் பரிசோதனை என்று கைப்பேசிக்கு ஒரு செய்தி வந்தது. உடம்பில் எந்தத் தொந்தரவும் இல்லை என்றாலும், நாற்பது கடந்துவிட்டதே என்று போனேன். அதில் பாப் ஸ்மியர் பரிசோதனையும் ஒன்று. கருப்பை வாயிலிருந்து சிறு தூரிகையால் செல்களைத் தடவி எடுத்து, உருப்பெருக்கியில் பார்ப்பார்கள். நான்கு நாட்கள் கழித்துத் தொலைபேசியில் அழைத்து, "ரிசல்ட்ல கொஞ்சம் பிரச்சினை இருக்கு, வீட்டுக்காரரையும் கூட்டிட்டு வாங்க" என்றார்கள். அந்த ஒரு வாக்கியத்திலேயே எனக்குக் கை கால் ஓடவில்லை.

அறிக்கையில் இருந்த சொல் 'ஏஸ்கஸ்'. செல்கள் சற்று மாறித் தெரிகின்றன, ஆனால் அந்த மாற்றத்துக்கு என்ன பொருள் என்று உறுதியாகச் சொல்ல முடியவில்லை என்பதுதான் அதன் அர்த்தம் என்று இன்று எனக்குத் தெரியும். அன்று தெரியாது. மருத்துவர் எங்களுடன் நான்கைந்து நிமிடங்கள் பேசியிருப்பார். புற்றுநோய்க்கு முந்தைய நிலை, தள்ளிப்போடாமல் எடுத்துவிடுவது நல்லது என்று சொல்லிவிட்டு, ஆலோசகர் விவரமாகச் சொல்வார் என்று பக்கத்து அறைக்கு அனுப்பிவிட்டார்.

நான் ஏமாந்தது அந்தப் பக்கத்து அறையில்தான். பரிசோதனைக்குப் போன அன்று நிரப்பிய படிவத்தில், குடும்பத்தில் யாருக்காவது புற்றுநோய் உண்டா என்ற கேள்விக்கு, என் சித்தி 52 வயதில் கருப்பை வாய்ப் புற்றுநோயால் இறந்ததை எழுதியிருந்தேன். அந்த வரியின் கீழ் யாரோ சிவப்பு மையால் கோடு போட்டிருந்தார்கள். என்னைவிடப் பத்து வயதாவது இளையவராக இருந்த அந்த ஆலோசகர் நாற்காலியை என் பக்கம் நகர்த்திப் போட்டு, என் கையைப் பிடித்துக்கொண்டு, "உங்க சித்திக்கு யாரும் நேரத்துல சொல்லலக்கா. உங்களுக்கு நாங்க சொல்றோம்" என்றார். நான் அழுதுவிட்டேன். அதற்குப் பிறகு ஒரு கேள்வியும் கேட்கத் தோன்றவில்லை. கருவியால் உருப்பெருக்கிப் பார்க்கும் கால்போஸ்கோபி, திசுவை எடுத்து ஆய்வு செய்யும் பயாப்ஸி, மாறிய பகுதியை வெட்டி எடுக்கும் லீப், ஒரு நாள் அறை வாடகை, மருந்துகள் எல்லாம் சேர்த்து 62,400 ரூபாய் என்றார். மறுநாள் காலையில் என் இரண்டு வளையல்களை அடகு வைத்து, 62,400 ரூபாயையும் ஒரே தவணையில் கட்டினோம்.

சிகிச்சை பத்துப் பதினைந்து நிமிடங்களில் முடிந்தது. மரத்துப்போக ஊசி போட்டார்கள், சற்று நேரத்தில் கருகும் வாடை வந்தது, "முடிஞ்சுடுச்சும்மா" என்றார்கள். என் நாத்தனாருக்குப் பித்தப்பையை அகற்றியபோது, எடுத்ததை ஒரு பாட்டிலில் போட்டு வெளியே காத்திருந்த எங்களிடம் காட்டிவிட்டு, அதையே ஆய்வகத்துக்கு அனுப்பினார்கள். இங்கே என் கணவர் கதவுக்கு வெளியிலேயே நின்றிருந்தும் அவரிடம் யாரும் எதையும் காட்டவில்லை. அப்போதே கேட்டிருக்க வேண்டும்.

பத்தாவது நாள் பயாப்ஸி அறிக்கைக்காகப் போனேன். ஆய்வகத்திலிருந்து இன்னும் வரவில்லை என்றார்கள். அடுத்த வாரம் மருத்துவர் விடுப்பில் இருந்தார். மூன்றாவது முறை கணினி வேலை செய்யவில்லை, அறிக்கையை வாட்ஸ்அப்பில் அனுப்பிவிடுகிறோம் என்றார்கள், எதுவும் வரவில்லை. நான்காவது முறை போனபோது, எந்த ஆய்வகம் என்று சொல்லுங்கள், நானே போய் வாங்கிக்கொள்கிறேன் என்றேன். வரவேற்பில் இருந்த பெண் நிமிர்ந்துகூடப் பார்க்காமல், அதெல்லாம் நோயாளிகளிடம் சொல்லும் வழக்கமில்லை என்றார். கையைப் பிடித்துக்கொண்டு பேசிய அந்த ஆலோசகர், என்னைப் பார்த்தும் பார்க்காதவர்போல உள்ளே போய்விட்டார். நேற்றுதான் மேலாளர் என்று ஒருவர் வந்து, திசு முழுவதும் கருகிவிட்டதால் எதையும் ஆய்வுக்கு அனுப்பவில்லை என்றார். அப்படியானால் ரசீதில் பயாப்ஸி என்று தனியாக 6,800 ரூபாய் ஏன் போட்டீர்கள் என்று என் கணவர் கேட்டார். அது தொகுப்புக் கட்டணம், பிரித்துப் பார்க்கக் கூடாது என்றார். அடுத்த பரிசோதனைக்கு 20 சதவீதம் தள்ளுபடி தருவதாகவும் சொன்னார். 62,400 ரூபாயை வாங்கிக்கொண்டு, என் உடம்பில் என்ன இருந்தது என்பதையும் தொலைத்துவிட்டு, தள்ளுபடி தருகிறார்களாம்!

இடையில் அரசு மருத்துவமனைக்கும் போனேன். அங்கே ஒரு மகப்பேறு மருத்துவர், கூட்டத்துக்கு நடுவிலும், என் காகிதங்களை ஒவ்வொன்றாகப் பார்த்துவிட்டுச் சொன்னவற்றை அந்த மையத்தில் யாராவது முதல் நாளே சொல்லியிருந்தால் வளையல்கள் இன்று என் கையில் இருந்திருக்கும். பாப் ஸ்மியர் என்பது சந்தேகத்தை எழுப்பும் பரிசோதனை மட்டுமே, அதை வைத்து நோயை முடிவு செய்யக் கூடாது என்றார். ஏஸ்கஸ் என்று வந்தால் பெரும்பாலும் முதலில் எச்பிவி வைரஸ் இருக்கிறதா என்று பார்ப்பார்கள். இந்தப் புற்றுநோய்க்குக் காரணம் ஏறக்குறைய எப்போதும் அந்த வைரஸ்தான், சித்திக்கு வந்ததால் எனக்கும் வந்தே தீரும் என்று பயமுறுத்தியிருக்கத் தேவையில்லை என்றார். வைரஸ் இருந்தால் அடுத்தது கால்போஸ்கோபி. கருப்பை வாயில் நீர்த்த அசிட்டிக் அமிலத்தைத் தடவி, ஒரு நிமிடம் பொறுத்து, உருப்பெருக்கிக் கருவியால் பார்க்கும்போது, மாறிய செல்கள் உள்ள இடம் வெள்ளையாகத் தெரியும். அயோடின் தடவினால் நல்ல இடம் அடர்பழுப்பாக மாறும், மற்றது மஞ்சளாக நின்றுவிடும். அந்த இடத்திலிருந்து அரிசியளவு திசுவைக் கிள்ளி எடுத்து ஆய்வுக்கு அனுப்புவதுதான் பயாப்ஸி.

பயாப்ஸியில் முதல் நிலை மாற்றம் என்று வந்தால், பெரும்பாலானவர்களுக்கு அது ஓரிரு ஆண்டுகளில் தானாகவே சரியாகிவிடுவதால், கண்காணிப்பில் வைத்தாலே போதும். இரண்டாம், மூன்றாம் நிலை என்றால்தான் குளிரால் உறையவைக்கும் கிரையோ, சூட்டால் பொசுக்கும் முறை, மின்கம்பி வளையத்தால் வெட்டி எடுக்கும் லீப் ஆகியவற்றைப் பற்றிய பேச்சே வரும். மாற்றம் தீவிரமாகத் தெரிந்தால் பயாப்ஸிக்குக் காத்திராமல் ஒரே அமர்வில் லீப் செய்வதும் உண்டு. ஆனால் அப்போதும் வெட்டி எடுத்த திசு ஆய்வகத்துக்குப் போயே ஆக வேண்டும் என்று அழுத்திச் சொன்னார். லீப்பில் ஓரங்கள் சற்றுக் கருகினாலும் திசு ஒரு துண்டாகவே வெளியே வரும். அந்த ஓரங்கள் சுத்தமாக இருக்கின்றனவா, உள்ளே வேறு ஏதாவது ஒளிந்திருக்கிறதா என்று பார்ப்பதற்காகத்தான் வெட்டியே எடுக்கிறார்கள். என் விஷயத்தில் உண்மையிலேயே லீப் செய்தார்களா, வெறுமனே பொசுக்கிவிட்டார்களா என்பதை இனி யாராலும் சொல்ல முடியாது. ஒன்றுமே இல்லாத இடத்தைச் சுட்டிருக்கலாம். இருந்ததை அரைகுறையாக விட்டிருக்கலாம். ஆறு மாதம் கழித்து எச்பிவி பரிசோதனைக்கு வரச் சொல்லியிருக்கிறார். அதுவரை இந்தப் பயத்தோடுதான் நான் படுத்து எழ வேண்டும்.

என் அம்மாவிடம் இதையெல்லாம் சொன்னபோது அவர் சொன்னதுதான் என்னை இன்னும் வாட்டுகிறது. நாங்கள் திண்டுக்கல் மாவட்டத்துக்காரர்கள். 2000ஆம் ஆண்டை ஒட்டி அங்கே ஊர் ஊராக 30 முதல் 59 வயது வரையிலான பெண்களுக்கு, பயிற்சி பெற்ற செவிலியர்கள் அந்த அமிலத்தைத் தடவிப் பார்த்துப் பரிசோதனை செய்தார்கள். சந்தேகம் இருந்தவர்களுக்குக் கால்போஸ்கோபி, பயாப்ஸி, தேவைப்பட்டால் கிரையோ சிகிச்சை என்று அந்தச் செவிலியர்களே பார்த்தார்கள். அந்த ஆய்வின் முடிவுகள் 2007இல் லான்செட் மருத்துவ இதழில் வந்தன. பரிசோதனை நடந்த ஊர்களில் கருப்பை வாய்ப் புற்றுநோய் மரணங்கள் 35 சதவீதம் குறைந்திருந்தன. அம்மாவும் அந்த முகாமுக்குப் போனவர். "லைட்டு அடிச்சுப் பார்த்தாங்க, ஒண்ணும் இல்லம்மான்னு சொல்லி அனுப்பிட்டாங்க, ஒத்தப் பைசா வாங்கல" என்றார். கிராமத்து முகாமில் செவிலியர்கள் முறை தவறாமல் செய்த வேலையை, குளிரூட்டிய அறையில் 62,400 ரூபாய் வாங்கியவர்கள் எனக்குச் செய்யவில்லை.

என்னென்ன கேட்க வேண்டும் என்று விரிவாக எழுதத்தான் நினைத்தேன். கை நடுங்குகிறது, சிலவற்றை மட்டும் சொல்கிறேன். பரிசோதனைக்குப் பயந்து போகாமல் இருந்துவிடாதீர்கள். அரசு மருத்துவமனைகளில் இலவசமாகவே பார்க்கிறார்கள். பாப் ஸ்மியர் அறிக்கையை மட்டும் காட்டி யாராவது உடனே பணம் கட்டச் சொன்னால், அறிக்கையை வாங்கிக்கொண்டு வெளியே வந்து இன்னொரு மருத்துவரிடம் காட்டுங்கள். இது ஓரிரவில் முற்றிவிடும் நோய் இல்லை, அதற்கு நேரம் இருக்கிறது. திசு எடுத்தால், அது கெடாமல் இருக்கப் போட்டு வைக்கும் ஃபார்மலின் பாட்டிலைக் கண்ணால் பார்த்து, எந்த ஆய்வகத்துக்குப் போகிறது என்று எழுதி வாங்குங்கள். எழுத்துமூலம் கேட்டால் 72 மணி நேரத்துக்குள் மருத்துவ ஆவணங்களைக் கொடுக்க வேண்டும் என்பது மருத்துவக் கவுன்சிலின் 2002ஆம் ஆண்டு விதி. எனக்கு இது நேற்று இரவுதான் தெரிந்தது. நுகர்வோர் ஆணையத்தில் இரண்டு ஆண்டுகளுக்குள் புகார் கொடுக்கலாம்.

ஆவணங்களைக் கேட்டு எழுதிய கடிதத்தை இன்று காலை, தபால் நிலையம் திறந்ததும், என் கணவர் கொண்டுபோய் அனுப்பிவிட்டார். பயாப்ஸி என்ற வரியின் கீழ் நானும் சிவப்பு மையால் கோடு போட்டு, 62,400 ரூபாய் ரசீதின் நகலை அதோடு வைத்திருக்கிறேன்.